கட்சி ஏடு என்னும் ஏளனம்

கட்சி நாளேடு என்றால் தலைவரின் படமும் மாநாட்டு அழைப்பும் வாழ்த்து விளம்பரமும் நிறைந்த தாள்தானே, அதைக் காசு கொடுத்து வாங்குவானேன் என்று கேட்பதை நம்மவரிற் பலர் அறிவுடைமையாகக் கருதுகின்றனர். அக்கேள்வியிற் பாதி நியாயம். மறுபாதி வரலாறு அறியாமை.

எங்கள் சேரம்பாடி வயநாட்டை ஒட்டிய மலையூர். இங்குள்ள மாப்பிள்ளைப் பெரியவர் ஒருவரிடம் 'சந்திரிகா' என்று சொல்லிப் பாருங்கள். உங்களுக்குச் சோப்பு நினைவுக்கு வரலாம். அவருக்கு முஸ்லிம் லீகின் நாளேடுதான் நினைவுக்கு வரும். 1934இல் தலைச்சேரியில் வார ஏடாகப் பிறந்து, 1938இல் நாளேடாகி, 1946இல் கோழிக்கோட்டுக்குப் பெயர்ந்த ஏடு அது. ஒன்றைக் கவனிக்க வேண்டும்: மலபாரில் லீக் ஓர் அமைப்பாக வேரூன்றியது ஏடு தோன்றிச் சில ஆண்டுகள் கழித்தே. கட்சி ஏட்டைப் பெறவில்லை. ஏடுதான் கட்சிக்கு வழி சமைத்தது. அதன் ஆசிரியராயிருந்த சி.எச். முஹம்மது கோயா சாகிப் 1979இல் கேரளத்தின் முதலமைச்சரானார். அதன் வார இதழில் எழுதியவர்கள் லீக்காரர்கள் மட்டுமல்லர், முஸ்லிம்கள் மட்டுமல்லர். எழுபதுகளின் நடுவில் கட்சி பிளந்தபோது, பிரிந்தவர்களும் 'லீக் டைம்ஸ்' என்று தமக்கோர் நாளேட்டை நடத்தினார்கள். சண்டையிடுவதற்கும் ஏடு வேண்டும் என்று அறிந்த சமுதாயம் அது!

நம் கதை என்ன? 1948 மார்ச் 10ஆம் நாள் இந்திய யூனியன் முஸ்லிம் லீக் உருவானது நம் சென்னையில். தலைமை தாங்கிய காயிதே மில்லத் முஹம்மது இஸ்மாயில் சாகிப் அவர்கள் நெல்லைத் தமிழர். எனினும் தமிழில் கட்சிக்கொரு நாளேடு, மர்ஹூம் அ.க.அ. அப்துஸ் ஸமது சாகிப் 'மணிச்சுடர்' கண்டபோதுதான் வாய்த்தது. அதற்குள் எத்தனை பத்தாண்டுகள் கழிந்தன! 1942இல் துண்டறிக்கையாய்த் தொடங்கிய 'முரசொலி' 1960இலேயே நாளேடாகிவிட்டது. கட்சி ஏடு என்பதற்காக அதன் வாசகர் யாரும் நாணியதாகத் தெரியவில்லை. நாம் மட்டும் திருமணத்திற்கு ஆயிரம் அழைப்பிதழ் அச்சடிப்போம். ஆண்டுச் சந்தா என்றால் கைப்பை திறவாது.

இனி நியாயமான பாதிக்கு வருவோம். அறபியில் செய்திக்கு 'நபஉ' என்றும், புகழ்ச்சிக்கு 'மத்ஹ்' என்றும் பெயர். இரண்டும் ஒன்றல்ல. கொண்டுவரப்பட்ட செய்தியைத் தீர விசாரித்துத் தெளியுமாறு 'ஹுஜுராத்' அத்தியாயம் நமக்குக் கட்டளையிடுகிறது. மேடைப் பேச்சை மறுநாள் அப்படியே அச்சிடும் ஏட்டில் விசாரிக்க என்ன இருக்கிறது? புகழ்ச்சியால் ஏட்டை நிரப்பும் கட்சிக்காரர்களே அதன் முதற் பகைவர். சந்திரிகாவும் இந்நோய்க்குத் தப்பியதென்று நான் சொல்ல வரவில்லை. பணமுடை வந்தபோது 2022இல் அச்சு நிறுத்தப்பட்டது அதன் வார இதழ். கட்சிக்கு வெளியே நின்றவனையும் வாசகனாக்கிய பகுதி எதுவோ, அதன்மீதே முதலில் கத்தி விழுந்தது. கணக்குப் பிள்ளைக்கு அது சிக்கனம். எனக்கு அது தற்கொலை.

கூடலூர் வட்டாரத்தின் ஜென்ம நிலச் சட்டம் 1969இல் இயற்றப்பட்டது. அதன் வழக்குகளில் தலைமுறைகள் கழிந்தன. பட்டாவுக்குக் காத்திருக்கும் குடும்பங்கள் இன்னும் உண்டு. 1964ஆம் ஆண்டின் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தால் இலங்கையிலிருந்து வந்தவர்க்கென அரசு தொடங்கிய தேயிலைத் தோட்டங்களில், கொழுந்து பறிக்கும் பெண் விடியலில் யானைக்கு அஞ்சியே வேலைக்குப் போகிறாள். அவள் முஸ்லிமா அல்லளா என்று யானை கேட்பதில்லை. நம் ஏட்டில் இவற்றுக்கு இடமில்லையென்றால், அதை இம்மலையில் எதற்காக வாங்க வேண்டும்?

தலைவரின் படத்தைப் பாதியாகச் சுருக்கி, அந்த இடத்தை இத்தகைய ஊர்களின் செய்திக்கு நிர்வாகிகள் ஒதுக்கட்டும். சந்தாப் புத்தகத்துடன் இங்குள்ள தமிழ் வீடுகளின் வாசலேற நான் ஆயத்தமாக இருக்கிறேன்.