கரண்ட் பில்லில் வெடித்த கேள்வி... துருக்கியின் அலெவிகள் கேட்பது என்ன?

மசூதியின் விளக்குகளுக்கு கரண்ட் பில்லை அரசு கட்டுகிறது. எங்கள் வழிபாட்டு இடத்துக்கு மட்டும் ஏன் இல்லை? துருக்கியின் அலெவி மக்கள் இப்படிக் கேட்டு ஐரோப்பிய நீதிமன்றம் வரை போனார்கள். பிரச்னை பணம் மட்டும்தானா?

யார் இந்த அலெவிகள்?

நபிகள் நாயகத்தின் மருமகன் அலியையும், ஹாஜி பெக்தாஷ் வேலி என்ற சூஃபி ஞானியையும் போற்றுபவர்கள். துருக்கியர், குர்துகள் என இரு தரப்பிலும் இருக்கிறார்கள். மக்கள்தொகையில் 10 முதல் 20 சதவீதம் வரை இருக்கலாம் என்பது பொதுவான மதிப்பீடு. சிரியாவின் அலவிகள் வேறு, இவர்கள் வேறு.

பெரும்பாலான அலெவிகள் தொழுகைக்கு மசூதி போவதில்லை. 'ஜெம் எவி' என்ற இல்லத்தில் ஆணும் பெண்ணும் சேர்ந்தே வழிபடுகிறார்கள். 'தெதே' எனப்படும் பெரியவர் வழிநடத்த, 'சாஸ்' என்ற நரம்பு வாத்தியம் இசைக்க, சுழன்று ஆடுவதும் வழிபாடுதான்.

பகை எங்கே தொடங்கியது?

1514-ல் ஒட்டோமான் சுல்தான் முதலாம் செலிமும் பாரசீக மன்னர் ஷா இஸ்மாயிலும் சல்திரான் போர்க்களத்தில் மோதினர். அலெவிகளின் முன்னோர் பலர் ஷா பக்கம் நின்றவர்கள். அதனால் 'துரோகி' முத்திரை விழுந்தது. 1923-ல் குடியரசு வந்தபோது நம்பிக்கை பிறந்தது. ஆனால் 1925-ல் சூஃபி மடங்கள் எல்லாம் சட்டப்படி மூடப்பட்டன.

வன்முறையும் ஓயவில்லை. 1978-ல் மராஷ் நகரில் 100-க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். 1993 ஜூலை 2-ல் சிவாஸ் நகரில் ஒரு கும்பல் ஹோட்டலுக்குத் தீ வைத்தது. அலெவி கலாசார விழாவுக்கு வந்திருந்த 33 பேரும், ஹோட்டல் ஊழியர்கள் 2 பேரும் பலியானார்கள்.

நீதிமன்றம் சொன்னது என்ன?

கரண்ட் பில் விஷயத்தில் நடந்தது பாகுபாடுதான் என்று 2014-ல் ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அலெவிகளின் மத சுதந்திரமும் மீறப்பட்டுள்ளது என்று 2016-ல் மற்றொரு தீர்ப்பு வந்தது.

2022-ல் அரசு ஜெம் எவிகளுக்காகத் தனி அமைப்பு தொடங்கியது. விளக்குச் செலவையும் ஏற்றது. ஆனால் அந்த அமைப்பு இருப்பது கலாசாரம், சுற்றுலா அமைச்சகத்தின் கீழ்! "எங்கள் வழிபாடு என்ன கலை நிகழ்ச்சியா?" என்பதுதான் அலெவி அமைப்புகள் பலவற்றின் கோபம்.

2023 அதிபர் தேர்தலில் எதிர்க்கட்சி வேட்பாளர் கிலிச்தாரோலு, "நான் அலெவி" என்று வீடியோவில் வெளிப்படையாகவே சொன்னார். தோற்றாலும், கிட்டத்தட்ட 48 சதவீத வாக்குகள் வாங்கினார். ஒரு அலெவிக்கு நாட்டில் பாதிப்பேர் ஓட்டு போடத் தயார். ஆனால் அவர்கள் வழிபடும் இடத்தை மசூதிக்கு இணையாக ஏற்கச் சட்டம் இன்னும் தயாரில்லை.