பெயருக்குப் பின்னால் ஒன்றும் இல்லாதது குறையா?

தமிழர்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது, ஆகவே நம் பெயர்களுக்கு வேரும் கிடையாது என்கிறார்கள். விருத்தாசலம் பக்கம் வந்து பார்த்துவிட்டுப் பேசட்டும். கொளஞ்சி, கொளஞ்சிநாதன், கொளஞ்சியம்மாள் என்று இங்கே தெருவுக்குத் தெரு கூப்பிடுகிறார்கள். மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் பெயர் அது. குறையைத் தாளில் எழுதிப் பிராது கட்டுகிறார்களே, அந்தச் சாமி. வெளியூரில் இந்தப் பெயரைச் சொன்னாலே, "விருத்தாசலம் பக்கமா?" என்று கேட்பார்கள். பழமலை, விருத்தகிரி, விருத்தாம்பாள் எல்லாம் பழமலைநாதர் கோயில் தந்தவை. 1906இல் திருப்பாதிரிப்புலியூரில் பிறந்த எழுத்தாளர் புதுமைப்பித்தனுக்கும் வீட்டில் இட்ட பெயர் விருத்தாசலம்தான். சொக்கலிங்கத்தின் மகன் என்பதை முன்னால் நிற்கும் 'சொ.' சொல்லிவிடுகிறது.

பெயருக்குப் பின்னால் இருந்த இடம் தானாகக் காலியாகவில்லை. அங்கே உட்கார்ந்திருந்தது சாதி. அதை விட்டொழிக்கச் சொன்னது 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு. பாஸ்போர்ட் படிவத்தில் குடும்பப் பெயர்க் கட்டம் நிரம்பவில்லை என்பதற்காக அதைத் திரும்ப ஒட்டிக்கொள்ள வேண்டுமா? கட்டத்தைத் திருத்துங்கள். இனிஷியலில் அப்பாவுக்கு மட்டும் இடம், அம்மாவுக்கு இல்லை என்று குறை சொல்லியிருந்தால் நானும் கூடச் சேர்ந்து குரல் கொடுத்திருப்பேன். அம்மாவின் முதலெழுத்தையும் சேர்த்துப் போடலாமே!