மறியலுக்கு முன்னும் பின்னும்

விழுப்புரம்–புதுச்சேரி சாலையில், கண்டமங்கலத்தில் மக்கள் காலிக்குடங்களோடு உட்கார்ந்தால் மறுநாள் மாவட்டப் பக்கத்தில் என்ன வரும் என்று வாசகரே சொல்லிவிடலாம். தகவலறிந்த போலீசார் விரைந்து வந்தனர், பேச்சுவார்த்தை நடத்தினர், பொதுமக்கள் கலைந்து சென்றனர், ஒரு மணி நேரம் போக்குவரத்து பாதிக்கப்பட்டது. இதில் பொய் இல்லை. ஆனால் செய்தி முழுவதும் நின்றுபோன பேருந்தின் ஜன்னலோரத்திலிருந்து எழுதப்பட்டிருக்கிறது. மறியலுக்கு முன் ஒன்றிய அலுவலகத்தில் கொடுத்த மனுக்கள் என்னவாயின என்பதற்கு அதில் இடமில்லை.

இப்படி எழுதுவதன் விலையை இந்த மாவட்டம் அறியும். 1987 செப்டம்பர் 17 முதல் ஒரு வாரம் இடஒதுக்கீடு கேட்டு வட தமிழகத்தை நிறுத்திய வன்னியர் சங்கச் சாலை மறியலில் 21 பேர் உயிரிழந்தனர். 1980இல் தொடங்கிய அச்சங்கம் பேரணி, ஒருநாள் மறியல் எனப் பல படிகளைக் கடந்தே அங்கு வந்தது. பொது நினைவில் தங்கியதோ சாலையை மறிக்க வெட்டிச் சாய்த்த மரங்கள். 1989இல் மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கு 20 விழுக்காடு இடஒதுக்கீடு கிடைத்தது. இறந்தவர்களுக்கு விழுப்புரத்தில் அரசு மணிமண்டபம் திறந்தது 2025 ஜனவரியில்தான்.

அதற்காக, போராடுவோர் தரப்பை அப்படியே அச்சிடுவதும் தீர்வல்ல. அதே வாரத்தில் தலித் குடிசைகளும் எரிந்தன. போக்குவரத்தை மட்டும் பார்த்தால் கோரிக்கை மறையும். கோரிக்கையை மட்டும் பார்த்தால் சேரி மறையும்.

காவல் நிலையத் தகவலையே நம்பியிருப்பதில் இன்னோர் ஆபத்து உண்டு. தூத்துக்குடியில் 2018 மே 22 அன்று போராட்டக்காரர்கள் மீது போலீசார் நடத்திய துப்பாக்கிச் சூட்டுக்குக் கூட்டத்தின் வன்முறையே காரணம் என்றது அரசுத் தரப்பு. அதை ஏற்காத அருணா ஜெகதீசன் விசாரணை ஆணைய அறிக்கை சட்டப்பேரவைக்கு வர 2022 அக்டோபர் ஆனது. முதல் நாள் தலைப்பைப் படித்தவர்களில் எத்தனை பேர் அந்த அறிக்கையைப் படித்திருப்பார்கள்?

பகுதி நிருபரை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. செய்திக்கு இவ்வளவு என்று காசு வாங்குபவர், பக்கம் முடியும் நேரத்தில் காவல் நிலையத்துக்குத்தான் போன் போடுவார். ஆசிரியர் குழு ஒன்று செய்யலாம். மறியல் செய்தியில், அதிகாரி கொடுத்த வாக்குறுதியையும் அதற்குச் சொன்ன தேதியையும் கட்டாயமாக்கட்டும். அந்தத் தேதியில் நிருபரை அனுப்பி, குழாயில் தண்ணீர் வந்ததா என்று எழுதச் சொல்லட்டும். அதற்கும் காசு கொடுக்கட்டும். மனு கொடுத்த அன்றே செய்தியாகும் ஊரில், சாலைக்கு வர வேண்டிய தேவையும் குறையும்.