மாறிக்கொண்டே இருந்த முழக்கோல்

துணியை அளக்கும்போதே கோலை மாற்றுகிற வணிகனை விட்டுவைப்போமா? கையைப் பிடிப்போம், ஊரைக் கூட்டுவோம். ஆசிரியர் பணிக்கு ஆள் எடுத்த அரசு அதே காரியத்தைச் செய்தபோதோ, முறையிட வந்தவர்களை நீதிமன்றப் படிக்கட்டுக்கு அனுப்பிவிட்டு நாடு வாளாவிருந்தது.

தகுதியே கூடாது என்பதல்ல, தோழர்களே, நமது வாதம். குடிசைவாழ் குழந்தைக்கும் நல்லாசிரியன் வேண்டும் என்று நெடுங்காலமாகக் கேட்பவர்கள் நாம். கல்வி உரிமைச் சட்டத்தை ஒட்டி 2010 ஆகஸ்ட் 23-இல் அறிவிக்கை வந்தது. எட்டாம் வகுப்பு வரை கற்பிக்கத் தகுதித் தேர்வு கட்டாயமாயிற்று. 150-க்கு 90 பெற வேண்டும். நன்று! பெற்றவர் கதி என்ன?

தமிழக அரசு 2012-இல் ஒரு கணக்குப் போட்டது. பட்டதாரி ஆசிரியருக்கு மேல்நிலைப் படிப்பு 10, பட்டம் 15, பயிற்சி 15, தகுதித் தேர்வு 60. அந்த அறுபதையும் படிப்படியாக வெட்டினர். 90 பெற்றவருக்கும் 42; 104 பெற்றவருக்கும் 42; 105 பெற்றவருக்கோ 48! பதினான்கு மதிப்பெண்ணின் உழைப்புக்குப் பூஜ்யம், ஒற்றை மதிப்பெண்ணுக்கு ஆறு! எந்தப் பள்ளியில் பயின்ற கணிதமோ! சென்னை உயர்நீதிமன்றம் 2014-இல் அந்தப் படிகளை உடைத்தெறிந்தது.

அதே ஆண்டு மே மாதம் புதிய ஆணை பிறந்தது. படிகள் போயின, மேல்நிலை மதிப்பெண் போகவில்லை. மதிப்பெண்ணை அள்ளி வழங்காத காலத்தில் படித்து 60 விழுக்காடு பெற்றவர், பிற்காலத்தில் படித்து 90 விழுக்காடு பெற்றவரைவிட மூன்று புள்ளி பின்தங்குவார். அதை ஈடுகட்டத் தகுதித் தேர்வில் ஏழரை மதிப்பெண் கூடுதலாகப் பெற வேண்டும். பதினேழு வயதில் எழுதிய தேர்வு, நாற்பது வயதில் வந்து கழுத்தைப் பிடிக்கிறது!

சலுகையின் கதை இன்னும் வேதனை. ஒடுக்கப்பட்டோருக்குத் தேர்ச்சி மதிப்பெண்ணைக் குறைக்கலாம் என 2011 பிப்ரவரியிலேயே மையக் குழுமம் வழிவிட்டது. தமிழகத்தில் ஆணை வந்ததோ 2014 பிப்ரவரியில், 2013 தேர்வின் முடிவும் வெளிவந்த பின்னர்! ஐந்து விழுக்காட்டுத் தளர்வு நியாயமானது. காலந்தாழ்த்திக் கொடுத்ததுதான் அதனை வழக்காக்கியது. 2014 செப்டம்பரில் உயர்நீதிமன்றத்தின் சென்னை அமர்வு செல்லும் என்றது. அதே மாதம் மதுரை அமர்வு செல்லாது என்றது. 2016 நவம்பரில் உச்சநீதிமன்றம் இரு ஆணைகளும் செல்லும் என முடித்தது. சட்டப்படி சரி; ஆனால் காத்திருந்தவருக்கு வயது நிற்குமா?

அந்த நீண்ட வழக்கில் வென்ற புள்ளிமுறையையும் 2018-இல் அரசே கைவிட்டது. தகுதித் தேர்வில் தேறியோர் மீண்டும் ஒரு போட்டித் தேர்வு எழுத வேண்டுமாம்! தேர்ச்சிச் சான்று ஏழாண்டே செல்லும் என்ற விதி 2021-இல் மாறி, ஆயுட்காலச் சான்றாயிற்று. ஆயுள் முழுதும் சான்று. பணி மட்டும் இல்லை!

வெளியே நின்றவர்களோடு இது முடியவில்லை. 2010 அறிவிக்கை, தனக்கு முன்னரே முறைப்படி பணியேற்றோருக்கு விலக்களித்திருந்தது. அந்த உறுதியை நம்பிக் கரும்பலகை முன் நின்றவர்களுள், ஓய்வுபெற ஐந்தாண்டுக்கு மேல் உள்ளோர் இரண்டாண்டுக்குள் தேறாவிடில் வெளியேற வேண்டும் என 2025 செப்டம்பர் 1-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. விலக்களித்த கையெழுத்து ஆசிரியருடையதா, ஆட்சியினருடையதா? அதற்கு விலை கொடுப்பவர் மட்டும் ஏன் ஆசிரியர்?