குடுவையில் பிறந்த கேள்வி

இரண்டு உலகப் போர்களுக்கு நடுவே ஐரோப்பா எந்திரத்தைப் பார்த்துக் கனவும் கண்டது, கலங்கவும் செய்தது. செக் எழுத்தாளர் காரெல் சாப்பெக் 1920இல் எழுதிய ‘ஆர்.யு.ஆர்.’ நாடகத்தில், வேலைக்கென்றே செய்யப்பட்ட ரோபோக்கள் மனிதருக்கு எதிராக எழுந்தன. 1927 ஜனவரியில் பெர்லினில் திரையேறிய ஃப்ரிட்ஸ் லாங்கின் ‘மெட்ரோபோலிஸ்’ படத்தில், பெண்ணுருவில் சமைக்கப்பட்ட எந்திரம் செல்வந்தர் முன்னால் ஆடியது.

எந்திரப் பெண் திரையில் ஆடிய அதே ஆண்டு நவம்பரில், நிஜப் பெண்களைப் பற்றிய ஒரு தீர்மானம் சென்னை சட்டசபையில் வந்தது. சிறுமிகளுக்குக் கோயிலில் பொட்டுக்கட்டும் வழக்கத்தை நிறுத்தக் கோரிய அதைக் கொண்டுவந்தவர், நம் புதுக்கோட்டையில் பிறந்து மகாராஜா கல்லூரியில் படித்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. ஒரு பெண்ணின் வாழ்க்கையை அவள் பிறப்பே தீர்மானிக்கக் கூடாது என்பதே அதன் உட்பொருள். முழுத் தடைச் சட்டம் வர 1947 ஆயிற்று.

1932இல் ஆல்டஸ் ஹக்ஸ்லியின் ‘பிரேவ் நியூ வேர்ல்ட்’ வெளிவந்தது. அந்த நாவலில் குழந்தைகள் குடுவைகளில் வளர்கிறார்கள். ஆல்பா முதல் எப்சிலான் வரை ஐந்து தட்டுகளாகப் பிரிக்கப்பட்டே வெளியே வருகிறார்கள். மேலை வாசகரை நடுங்கவைத்த அந்த ஏற்பாடு, குடுவை இல்லாமலே சாதியின் பெயரால் நம் ஊர்களில் தலைமுறை தலைமுறையாக நடந்துவந்தது.

ஹக்ஸ்லியின் நாவல் வந்த அதே ஆண்டில் பெரியார் சோவியத் நாட்டில் சுற்றுப்பயணம் செய்துகொண்டிருந்தார். 1940களின் முற்பகுதியில் ‘இனிவரும் உலகம்’ எழுதினார். சட்டைப்பைக்குள் கம்பியில்லாத் தந்தி, ஓரிடத்தில் இருந்தபடியே பல இடத்தாருக்குக் கற்பிக்கும் ஆசிரியர் என்று அதில் அவர் சொன்னவற்றை இன்றும் வியந்து பேசுகிறோம். ஆனால் அந்த எழுத்தின் உயிர் வேறிடத்தில் இருக்கிறது. பிள்ளைப்பேற்றுக்கு ஆண் பெண் சேர்க்கை தேவைப்படாத காலம் வரும் என்றார். பிறப்பை அறிவியல் மாற்றியமைப்பதில் ஹக்ஸ்லி சிறையைக் கண்டார்; பெரியார் நம்பிக்கையைக் கண்டார். தமிழ் அறிவியல் புனைவு தன் முன்னோடியாகக் கொண்டாட வேண்டிய எழுத்து அது.

எழுத்தாளர் சுஜாதா வழியாக எந்திரங்கள் நம் வாரப் பத்திரிகைக் கதைகளுக்குள் வந்தன. பிறப்பை அறிவியல் மாற்றினால் சமூகம் என்னவாகும் என்று பெரியாரின் எழுத்து எழுப்பும் கேள்வி அதே வேகத்தில் வரவில்லை. இன்று சாதி பார்த்து வரன் தேடித்தருகிறது மென்பொருள். நம் மாவட்டத்து வேங்கைவயலில், 2022இல் பட்டியலின மக்களின் குடிநீர்த் தொட்டியில் மலம் கலக்கப்பட்டது. விசாரணைக்காக மரபணுச் சோதனை நடந்தது. பழைய வன்மமும் புதிய விஞ்ஞானமும் ஒரே ஊரில் எதிரெதிரே நின்றன. இதைவிட அழுத்தமான கதைக்களம் வேறெங்கே இருக்கிறது?

அடுத்த இதழை முழுவதும் அறிவியல் புனைவுக்கென ஒதுக்குகிறோம். விண்கலக் கதைகளும் வரட்டும். கூடவே, மரபணுவைத் திருத்தத் தெரிந்த காலத்தில் பிறப்பின் பெயரால் இருக்கும் உயர்வு தாழ்வு என்னவாகும் என்று கேட்கும் கதைகளை எழுதி அனுப்புங்கள். அந்தக் கேள்வியைக் கேட்கும் தகுதி நம் மண்ணுக்கு நிறையவே உண்டு.