பற்று எழுதாத பேரேடு

நம் பக்கத்தில் ஊர் வரலாறு எழுத உட்காருகிறவர்களுக்குச் சரித்திரம் என்பது பெருமை சேகரிக்கும் காரியமாக இருக்கிறது. திருத்தங்கல் என்றால் நூற்றெட்டுத் திருப்பதிகளில் ஒன்று; சங்கப் புலவர்களின் தங்கால் இதுவே; சிலப்பதிகாரத்தில் பெயர் வருகிறது. பக்கத்தில் சிவகாசி என்றால் கல்கத்தாவுக்குப் போய்த் தீப்பெட்டித் தொழில் கற்று வந்த இருவரின் கதை. எல்லாம் வரவு. பற்றுப் பக்கம் காலி. இப்படி ஒரு பேரேட்டை எந்தத் தணிக்கையாளனும் ஒப்புக்கொள்ள மாட்டான். இலக்கியவாதிகள் ஒப்புக்கொண்டு முன்னுரையும் எழுதுகிறார்கள்.

சிலப்பதிகாரத்தில் இவ்வூர் எப்படி வருகிறது? கட்டுரை காதையில் மதுராபதி சொல்லும் கதை அது. தங்காலைச் சேர்ந்த வார்த்திகனின் பிள்ளைக்குப் பராசரன் அணிகலன்களைப் பரிசாகத் தருகிறான். அவற்றைக் கண்ட அரச சேவகர்கள், புதையலைக் கவர்ந்தான் என்று தகப்பனைச் சிறையில் அடைக்கிறார்கள். அவன் மனைவி கார்த்திகை தரையில் புரண்டு அழுகிறாள். கோயில் கதவு திறக்க மறுக்கிறது. உண்மை தெரிந்த பாண்டியன் அவனை விடுவித்து, தங்காலையும் வயலூரையும் கொடுத்து, அவன் முன் நிலத்தில் விழுகிறான். பிறகே கதவு திறக்கிறது.

ஆக, ஊர் காவியத்துக்குள் நுழைந்தது கீர்த்தியால் அல்ல, அநீதிக்குக் கொடுத்த இழப்பீடாக. இந்த வார்த்தை நம் பகுதிக்குப் புதிதல்ல. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டிப் பட்டாசு ஆலையில் 30 பேருக்கு மேல் செத்தார்கள். 2021 பிப்ரவரி 12 அன்று அச்சங்குளம். இரண்டு முறையும் தொகை அறிவிக்கப்பட்டது. விழுந்து வணங்கியவர் யாருமில்லை.

இங்கிலாந்தில் செல்போர்ன் என்ற சின்ன ஊரில் உதவி குருவாக இருந்த கில்பர்ட் ஒயிட் 1789இல் தன் ஊரைப் பற்றிப் புத்தகம் போட்டார். ஊரின் பழமைகளுக்கும் அதில் இடமுண்டு. ஆனால் அது இன்றும் வாசிக்கப்படுவது மண்புழுவையும் ஆமையையும் அவர் பார்த்த பார்வைக்காக.

சீமை உதாரணம் எதற்கு என்பார்கள். சரி, வேண்டாம். புறநானூற்றின் 326-ஆம் பாட்டைப் பாடியவர் தங்கால் பொற்கொல்லனார். உலை முன் உட்கார்ந்தவர். இரவில் காட்டுப்பூனைக்குப் பயந்து அலறும் பெட்டைக்கோழியையும், பஞ்சு வேலைக்காக எழுந்த பெண்ணின் கையிலிருந்த சிறு விளக்கையும் அவர் பார்த்திருக்கிறார். புலவர்கள் பிறந்த ஊர் என்று மார்தட்டுகிறவர்கள் அந்தப் பாட்டைப் படித்திருந்தால், தீப்பெட்டி ஆபீஸில் கட்டை அடுக்கியவளும், விடியுமுன் பஸ் ஏற்றப்பட்ட பிள்ளைகளும் தங்கள் பிரசுரத்தில் ஏன் இல்லை என்று வெட்கப்பட்டிருப்பார்கள்.

திருத்தங்கல் நகராட்சி 2021இல் சிவகாசி மாநகராட்சியில் கரைந்துவிட்டது. எல்லைக்கல் போனால் போகட்டும். மருந்து செலுத்திய விரல்களை நினைவில் வைத்திருப்பவர்கள் இருக்கும்போதே பற்றுப் பக்கத்தை எழுதியாக வேண்டும். அதுவரை பாரம்பரியம் என்ற சொல்லை உச்சரிக்க நமக்கு யோக்யதை இல்லை.