கதையில் ஞானப்பழம்... மலையில் விருப்பாச்சிப் பழம்!

கோவை கணபதியில் பஸ்ஸுக்கு நிற்கும் ஒரு சின்னக் குழந்தையிடம், ‘ஞானப்பழம் யாருக்குக் கிடைச்சது?’ என்று கேட்டுப் பாருங்கள். ஊர்ப் பெயரையே பதிலாகச் சொல்லிவிடும்.

நாரதர் கொண்டுவந்தது ஒரே ஒரு பழம். அதை வெட்டிப் பங்கு போடக் கூடாது என்பது நிபந்தனை. தம்பி மயிலேறி உலகைச் சுற்றப் போனார். அண்ணன் அம்மையப்பனைச் சுற்றி வந்து பழத்தை வாங்கிக்கொண்டார். கோபித்துக்கொண்டு தம்பி போய் நின்ற மலைதான் பழனி. ‘பழம் நீ’ என்று அவரைச் சமாதானம் செய்ததே பழனி என்று ஆனதாகப் பெயர்க் காரணமும் சொல்வார்கள். 1965-ல் வந்த ‘திருவிளையாடல்’ படம் இந்தக் கதையைத் தமிழ்நாடு முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்தது.

அந்தப் பழத்தை நாம் யாரும் பார்த்ததில்லை. ஆனால், தைப்பூசத்துக்குப் பாதயாத்திரை போகும் கொங்கு மக்கள் பழனியிலிருந்து வீட்டுக்குக் கொண்டுவரும் பழம் ஒன்று உண்டு. பஞ்சாமிர்த டப்பாவுக்குள் இருக்கும் மலைவாழைப்பழம்தான் அது. அதுவும் கிட்டத்தட்டக் கதையாகவே போயிருக்க வேண்டியது!

பஞ்சாமிர்தம் ஏன் கெடுவதில்லை?

வாழைப்பழம், நாட்டுச் சர்க்கரை, நெய், தேன், ஏலக்காய். இந்த ஐந்தும்தான் அடிப்படை. பேரீச்சை, கற்கண்டு, உலர் திராட்சையும் சேரும். தண்ணீர் ஒரு சொட்டுக்கூடச் சேர்ப்பதில்லை. கோயிலுக்கான நாட்டுச் சர்க்கரையை ஈரோடு மாவட்டம் கவுந்தப்பாடி ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்தில் தேவஸ்தானம் ஏலத்தில் வாங்குவது கொங்கு விவசாயிகளுக்கு நன்றாகத் தெரியும்.

இத்தனைக்கும் நடுவில் முக்கியமான ஆள் பழம்தான். திண்டுக்கல் மாவட்டத்தில், பழனி மலைத்தொடரின் அடிவாரத்தில் இருக்கும் ஊர் விருப்பாச்சி. வேலுநாச்சியாருக்கு அடைக்கலம் தந்த கோபால நாயக்கரின் ஊர் என்றால் சட்டென்று நினைவுக்கு வரும். அந்த ஊர்ப் பெயரைத் தாங்கிய மலைவாழைப்பழம் அளவில் சிறியது. மணம் தூக்கல். சதை இறுக்கமானது, அதில் நீர்ச்சத்து குறைவு. அதனால்தான் பிசைந்து வைத்தாலும் பஞ்சாமிர்தம் சீக்கிரம் புளித்துப் போவதில்லை.

விருப்பாச்சி மலைவாழை, அதன் உறவான சிறுமலை மலைவாழை இரண்டுமே புவிசார் குறியீடு பெற்றவை. 2019-ல் பழனி பஞ்சாமிர்தமும் அந்தப் பட்டியலில் சேர்ந்தது.

18,000-லிருந்து 2,000-க்கு!

1970-களில் மலைவாழை சுமார் 18,000 ஹெக்டேரில் இருந்தது. பிறகு அது சுமார் 2,000 ஹெக்டேராகச் சுருங்கியது. முக்கியக் காரணம், முடிக்கொத்து நோய்.

இது வைரஸ் நோய். இலைகள் குறுகி, விறைத்து, உச்சியில் கொத்தாக நின்றுவிடும். இலைக்காம்பில் கரும்பச்சைக் கோடுகள் தெரியும். இளம் பருவத்திலேயே நோய் வந்த மரம் குலை தள்ளாது. நோய் கண்ட மரத்தைக் குணப்படுத்த மருந்து கிடையாது.

வாழை அசுவினி என்ற சின்னப் பூச்சி இந்த வைரஸை மரத்துக்கு மரம் கொண்டுபோகிறது. அதைவிடத் தூரமாகக் கொண்டுபோவது மனிதர்கள்தான். நாம் சாப்பிடும் வாழைக்கு முளைக்கும் விதை கிடையாது. தாய் மரத்தின் பக்கக் கன்றைப் பெயர்த்துத்தான் நடுகிறோம். தாய்க்கு நோய் இருந்தால் கன்றுக்கும் இருக்கும். ‘நல்ல ரகம், ஒரு கன்னு கொண்டுபோங்க’ என்று அன்பாகக் கொடுத்த கன்றுகளோடு நோயும் ஊர் விட்டு ஊர் போயிருக்கிறது.

மலைவாழைக்கு இதில் இன்னொரு கஷ்டம். காப்பித் தோட்டங்களுக்கு நடுவே, மழையை நம்பி, ஒரே குத்தில் பல வருஷம் விட்டு வளர்ப்பது மலை வழக்கம். நோய் ஒருமுறை உள்ளே வந்துவிட்டால், அதற்கும் அங்கே பல வருஷம் இடம் கிடைத்துவிடும்.

கோவையிலிருந்து போன கன்று

பழத்தை மீட்கும் வேலையில் கோவை தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்துக்குப் பெரிய பங்கு உண்டு. நோயில்லாத தாய் மரங்களைப் பரிசோதனை செய்து தேர்ந்தெடுத்து, அவற்றின் குருத்து நுனியிலிருந்து திசு வளர்ப்பு முறையில் கன்றுகளை உருவாக்கி, மலை விவசாயிகளுக்குக் கொண்டுபோனார்கள். கீழ்ப் பழனி மலையில் தடியன்குடிசையில் பல்கலைக்கழகத்துக்குத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையமும் இருக்கிறது.

ஆனால், திசு வளர்ப்பு என்றாலே நோயில்லாத கன்று என்று அர்த்தமில்லை. தாய் மரத்தைப் பரிசோதிக்காமல் எடுத்தால், ஒன்றுக்கு ஆயிரமாக நோய்க் கன்றுகள்தான் வரும். நல்ல கன்றையே நட்டாலும், பக்கத்துத் தோட்டத்தில் நோய் மரம் நின்றால் அசுவினி வேலியைத் தாண்டி வந்துவிடும். ஒரு விவசாயி மட்டும் கவனமாக இருந்தால் போதாது. சுற்றியிருக்கும் எல்லாரும் நோய் மரத்தை எடுத்தால்தான் ஒருவருடைய மரம் பிழைக்கும்.

நம் வீட்டு வாழைக்கும் இதே விதி

துவைக்கிற கல் பக்கத்தில் ஒரு வாழை நிற்கும் வீடுகள் கொங்கு நாட்டில் ஏராளம். அந்த மரத்தின் உச்சியில் இலைகள் கொத்தாக நின்றால், ‘தண்ணி பத்தலைங்க’ என்று விட்டுவிடாதீர்கள். முதலில் அசுவினிக்கு மருந்து தெளியுங்கள். பிறகு கிழங்கோடு தோண்டி எடுத்து அழியுங்கள். பூச்சியை விட்டுவிட்டு மரத்தை மட்டும் வெட்டினால், அது அடுத்த வீட்டு மரத்துக்குப் போய்விடும். அந்த மரத்தின் கன்றை யாருக்கும் கொடுக்காதீர்கள். புதிய கன்று வாங்கும்போது, தாய் மரத்துக்கு வைரஸ் பரிசோதனை நடந்ததா என்று கேட்டு வாங்குங்கள்.

சந்தையில் மலைப்பழம் மற்ற வாழைப்பழங்களைவிட விலை கூடுதலாகவே இருக்கும். மலையில் வளர்த்துக் கீழே கொண்டுவரும் சிரமமும் அந்த விலையில்தான் அடங்கியிருக்கிறது. வாங்க ஆள் இருந்தால்தான் விவசாயி மறுபடியும் கன்று நடுவார்.

ஞானப்பழம் ஒருவருக்குத்தான் என்பது அந்தக் கதை. மலைப்பழத்தின் கதை நேர்மாறு. இதை எல்லாரும் சேர்ந்து காப்பாற்றினால்தான் ஒருவருக்காவது கிடைக்கும்.